ஓட்டல் மதுக்கூட உரிமம் புதுப்பித்தல்: சென்ற ஆண்டுக்கான வித்தியாசத் தொகையையும் கேட்கிறார்கள், என்ன செய்யலாம்?

கேட்பவர்: மண்டபத்தார்

இராமநாதபுரத்திலிருந்து இராமேஸ்வரம் செல்லும் சாலையை விட்டு உள்ளே தள்ளி, கடலோரத்தில் உள்ள ஓர் ஓட்டலின் நிர்வாகத்தை என் மாமாவுக்காகக் கவனித்து வருகிறேன். எங்களிடம் ஓட்டலில் மதுக்கூடம் நடத்துவதற்கான எப்.எல்.3 உரிமம் இருக்கிறது. இந்த ஆண்டுப் புதுப்பித்தலுக்கு விண்ணப்பித்தபோது, உயர்த்தப்பட்ட புதிய கட்டணத்தோடு, அதே உயர்வைச் சென்ற ஆண்டின் நடுவிலிருந்து கணக்கிட்டு ஒரு வித்தியாசத் தொகையையும் கட்ட வேண்டும் என்றும், கட்டினால்தான் கோப்பு நகரும் என்றும் அறிவிப்பு வந்திருக்கிறது. சென்ற ஆண்டுக்கு அன்று கேட்ட தொகையை முழுவதுமாகக் கட்டி, சலானும் பெற்றிருக்கிறோம்.

இன்னொன்றும் கேட்க வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கரையில் நிற்கும் 61 நாள்களில் எங்கள் வியாபாரம் பாதிக்கும் கீழே போய்விடுகிறது. செப்டம்பர் 11ஆம் தேதி பரமக்குடி நினைவு நாளுக்கும், அக்டோபர் இறுதியில் பசும்பொன் குருபூஜைக்கும், தேர்தலுக்கும் ஆட்சியர் உத்தரவின்படி அடைக்கிறோம். இந்த நாள்களுக்குக் கட்டணத்தைக் கழித்துத் தரும்படி வழக்குப் போட முடியுமா?

பதில்: மதுரை வழக்குரைஞர்

தங்கள் இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் அதில் பணத்தைச் செலவழிக்க வேண்டாம் என்பதே என் கருத்து. மது உரிமக் கட்டணத்தை நாம் வரி என்றோ, அரசு செய்யும் சேவைக்கான கூலி என்றோ நினைத்துப் பேசுகிறோம். ஆனால் பஞ்சாபிலிருந்து சென்ற ஹர்சங்கர் வழக்கில், 1975இல் ஐந்து நீதிபதிகள் கொண்ட உச்ச நீதிமன்ற அமர்வு, அது மது வியாபாரத்தில் அரசு தனக்கு மட்டுமே உள்ள உரிமையை விட்டுக்கொடுப்பதற்குப் பெறும் விலை என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. மது வியாபாரம் செய்வதற்கு அடிப்படை உரிமை கிடையாது என்பதை 1994இல் உச்ச நீதிமன்றத்தின் கோடே டிஸ்டிலரீஸ் வழக்குத் தீர்ப்பு உறுதிப்படுத்தியது. ஆகவே படகு கடலுக்குப் போகாததால் ஆள் வரவில்லை என்பது தங்கள் வியாபார இடர். ஆட்சியர் உத்தரவால் அடைத்த நாள்கள் சற்று வேறு வகை என்று வாதிடலாம். என்றாலும் விடுமுறை அடைப்புகள் இருக்கும் என்று தெரிந்தே உரிமம் பெற்றவர், விதியில் கழிவு இருந்தாலன்றி அதைக் கேட்பது கடினம். வாக்குப்பதிவு முடிவதற்கு முந்தைய 48 மணி நேர அடைப்போ 1951ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 135சி பிரிவிலேயே இருக்கிறது.

முதல் கேள்வியில் தங்கள் பக்கம் வலு உண்டு. சட்டமன்றம் முன்தேதியிட்டுச் சட்டம் இயற்றலாம். ஆனால் அந்தச் சட்டத்தின் கீழ் விதி வகுக்கும் அரசு, தாய்ச் சட்டம் வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ அதிகாரம் கொடுத்திருந்தாலொழிய, பின்னோக்கிச் செல்லும்படி விதி வகுக்க இயலாது. எனவே முதலில் பார்க்க வேண்டியது, கட்டணத்தை உயர்த்திய விதித்திருத்தம் அரசிதழில் வெளியான தேதியும், அது எந்த நாளிலிருந்து நடைமுறைக்கு வரும் என்று அதிலேயே எழுதப்பட்டிருக்கும் வாசகமும்தான். திருத்தம் சென்ற ஆண்டின் நடுவிலேயே வெளியாகியிருந்தால் கேள்வி மாறும்: ஓராண்டுக்கு முன்பணமாக வாங்கி முடித்த உரிமத்தின் விலையை இடையில் கூட்டலாமா என்பதை, உரிமத்தின் நிபந்தனைகளையும் தாங்கள் எழுதிக் கொடுத்த உறுதிமொழியையும் வைத்தே முடிவு செய்ய வேண்டும். பின்னால் அரசு உயர்த்தினால் கட்டுவேன் என்று அதில் ஒரு வரி இருந்தால், ஹர்சங்கர் தீர்ப்பு தங்களுக்கு எதிராகவே திரும்பும்.

பதில்: கீழக்கரை கணக்கர்

தம்பி, வழக்குரைஞர் ஐயா சட்டத்தைச் சொல்லிவிட்டார். நான் கணக்கைச் சொல்கிறேன். வித்தியாசத் தொகைக்கு மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும் கட்ட வேண்டும் என்று யாராவது பயமுறுத்தினால் நம்ப வேண்டாம். மது உரிமம் வழங்குவதற்காக மாநில அரசு பெறும் உரிமக் கட்டணத்தைப் பொருளின் வழங்கலாகவோ சேவையின் வழங்கலாகவோ கருதக் கூடாது என்று 2019 செப்டம்பர் 30ஆம் தேதி அறிவிக்கை வந்துவிட்டது. நம் ஊர்ப் பக்கம் இதைத் தெரியாமல் கட்டியவர்களும் உண்டு.

பதில்: மண்டபத்தார்

இருவருக்கும் நன்றி. உறுதிமொழியைத் தேடி எடுத்தேன்; பின்னால் உயர்த்தினால் கட்டுவதாக எந்த வரியும் இல்லை. அரசிதழ்ப் பிரதியைப் பார்த்தேன். சென்ற உரிம ஆண்டு முடிந்த பிறகே திருத்தம் வெளியாகியிருக்கிறது, முன்தேதி எதுவும் அதில் குறிப்பிடப்படவில்லை. ஆனால் கெடு நெருங்குகிறது. வித்தியாசத் தொகையைக் கட்டிவிட்டால் ஒப்புக்கொண்டதாகிவிடாதா?

பதில்: மதுரை வழக்குரைஞர்

ஆகாது, எழுத்தில் ஆட்சேபம் தெரிவித்துக் கட்டினால். புதிய ஆண்டின் கட்டணத்தைத் தனிச் சலானிலும் வித்தியாசத் தொகையைத் தனிச் சலானிலும் செலுத்துங்கள். இரண்டாவதற்கு, உரிமைகளை விட்டுக்கொடுக்காமல், வற்புறுத்தலின் பேரில் செலுத்துகிறோம் என்று அதே நாளில் கடிதம் கொடுத்து, பெற்றுக்கொண்ட முத்திரையை வாங்கிக்கொள்ளுங்கள். வீம்புக்காகக் கட்டாமல் இருந்து, உரிமம் இல்லாமல் ஒரு நாள் திறந்தாலும் அது 1937ஆம் ஆண்டு மதுவிலக்குச் சட்டத்தின் கீழ்க் குற்றமாகும். அப்போது கட்டணத் தகராறு குற்ற வழக்காகிவிடும்.

கட்ட இயலாத அளவுக்குத் தொகை பெரிது என்றால் மட்டும், கெடுவுக்கு முன்பே உயர் நீதிமன்றத்தின் மதுரை அமர்வில், அரசின் உத்தரவை நேரடியாக எதிர்க்கும் ரிட் மனுத் தாக்கல் செய்து இடைக்காலத் தடை கேளுங்கள். ஒரு பகுதியை வைப்பாகச் செலுத்தும்படி நீதிமன்றம் நிபந்தனை விதிக்கக் கூடும் என்பதால் அதற்குப் பணம் தயாராக இருக்கட்டும். மேல்முறையீட்டுக்குப் போகாமல் நேரே வந்ததேன் என்ற கேள்வி எழும். அதிகார வரம்பே இல்லாத உத்தரவு, நம் தரப்பைக் கேட்காமலே முடிவெடுப்பது போன்ற இயற்கை நீதி மீறல் ஆகியவற்றில் மாற்று வழி இருப்பது ரிட் மனுவுக்குத் தடையாகாது என்று 1998ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்தின் வேர்ல்பூல் வழக்கு சொல்வதைப் பதிலாக வைக்கலாம். தங்களுக்கு விளக்கம் கேட்டு முன்னறிவிப்பு எதுவும் வரவில்லை என்றால் அதையும் பிரமாண வாக்குமூலத்தில் சேர்த்து, அரசிதழ்ப் பிரதி, சென்ற ஆண்டுச் சலான், உறுதிமொழி ஆகியவற்றை இணையுங்கள். மீன்பிடித் தடைக்காலத்தைப் பற்றி மனுவில் ஒரு வரி கூட வேண்டாம். அது நல்ல வாதத்தை நீர்த்துப்போகச் செய்யும்.