வீட்டுக்குள்ள வச்ச ரோஸ்மேரி கருகுது, அவசரம்

ஜன்னலோரம்:
ரோஸ்மேரி வாங்கி மூணு வாரம் ஆச்சு, வெளில குளிருதுன்னு உள்ளயே வச்சிருக்கேன், நல்லாத்தான் பாத்துக்கறேன் ஆனா இல நுனியெல்லாம் பழுப்பாயி தொட்டா பொலபொலன்னு கொட்டுது. என்ன உரம் போடலாம்? சீக்கிரம் சொல்லுங்க ப்ளீஸ், வேலைக்கு கெளம்பிட்டு இருக்கேன்.

மண்புழு:
உரம் கெடக்கட்டும். வெயில் நேரா விழுதா, எத்தன மணி நேரம்? தண்ணி எப்பப்ப? தொட்டி எது, அடியில ஓட்ட இருக்கா? "நல்லா பாத்துக்கறேன்"னு சொன்னா அத வச்சு என்னத்த கண்டுபிடிக்க.

கொத்துமஞ்சரி:
ஹீட்டர் பக்கத்துல இருக்கா? அப்டின்னா சிலந்திப்பேன்தான், நான் எழுதியே தரேன். காஞ்ச சூட்டுக் காத்துன்னா அதுக்கு கொண்டாட்டம். கெளைக்கு கீழ வெள்ளத்தாள் புடிச்சு ரெண்டு தட்டு தட்டுங்க, விழுந்த புள்ளி நகந்துச்சுன்னா முடிஞ்சுது.

தொட்டிக்காரர்:
இதே கேள்விக்கு நான் எத்தனையோ தடவ எழுதியாச்சு, தேடிப் பாக்கற பழக்கமே யாருக்கும் இல்ல. ரோஸ்மேரி, அதாவது ரோஸ்மரினஸ் அஃபிசினாலிஸ், மத்திய தரைக்கடல் பக்கம் கல்லுச்சரிவுல வளர்ற செடி, நீங்க அத நாத்து மாதிரி நனைக்கறீங்க. தண்ணிய நிறுத்துங்க. அவ்ளோதான் விஷயம்.

மண்புழு:
அவரு தண்ணி எவ்ளோ ஊத்தறாருன்னே இன்னும் சொல்லல சார், அதுக்குள்ள தீர்ப்பா? காஞ்சாலும் இதே கோலம்தான். புதினான்னா தலைய தொங்கப்போட்டு கேக்கும், இது அப்டி இல்ல, வேரு போனப்பறமும் வெறப்பா பச்சையா நிக்கும், நமக்கு தெரியறப்ப நாளாயிருக்கும்.

விதைப்பொட்டலம்:
ஒரு சின்ன திருத்தம், இப்ப அதோட அறிவியல் பேரு சால்வியா ரோஸ்மரினஸ். 2017ல வந்த ஆய்வுக்கப்பறம் சால்வியாங்கற பேரினத்துல சேத்துட்டாங்க.

தொட்டிக்காரர்:
பேர மாத்தினா செடி பொழச்சுக்குமா? கடையில லேபிள் இன்னும் பழைய பேருலதான் வருது.

விதைப்பொட்டலம்:
கல்லுச்சரிவு வரைக்கும் பாடம் எடுத்தீங்களேன்னு சொன்னேன், கோவப்படாதீங்க.

இலைச்சுருள்:
தெனம் ரெண்டு தடவ ஸ்ப்ரே பண்ணுங்க சகோ, ஈரப்பதம் பத்தல, வேற ஒண்ணும் இல்ல.

தொட்டிக்காரர்:
பண்ணிடாதீங்க. காத்தோட்டம் இல்லாத ரூம்ல இலைய ஈரமாவே வச்சா நோயத்தான் வரவழைக்கறீங்க.

இலைச்சுருள்:
நான் நாலு வருஷமா ஸ்ப்ரே பண்றேன், ஒண்ணும் வரல.

தொட்டிக்காரர்:
உங்க ஜன்னல் தொறந்திருக்கும்.

இலைச்சுருள்:
ஆமா தொறந்துதான் இருக்கும், அதுக்கென்ன?

மண்புழு:
கேட்ட ஆள் எங்கப்பா?

ஜன்னலோரம்:
சாரி, இப்பதான் வந்தேன். தண்ணி தெனம் ஒரு டம்ளர். வெயில் நேரா வராது ஆனா நல்ல வெளிச்சம். ஜன்னலுக்கு கீழயே ஹீட்டர். வாங்கின பிளாஸ்டிக் தொட்டியோடயே ஒரு பீங்கான் தொட்டிக்குள்ள எறக்கி வச்சிருக்கேன், அதுல ஓட்ட கெடயாது, பாக்க அழகா இருக்கும். தட்டிப் பாத்தேன், எதுவும் நகரல.

மண்புழு:
இத மொதல்லயே சொல்லியிருக்கலாம். பிளாஸ்டிக் தொட்டிய வெளில எடுத்து கவுத்து மண்ணோட உருவிப் பாருங்க. அடி, நடு ரெண்டும் எப்டி இருக்குன்னு சொல்லுங்க, வாசனையும் பாருங்க. தண்டுல நகத்தால லேசா சொரண்டுங்க, உள்ள பச்சைன்னா உசுரு இருக்கு.

ஜன்னலோரம்:
ஐயோ. பீங்கானுக்குள்ள ரெண்டு வெரல் உசரத்துக்கு தண்ணி நிக்குது, அழுகின நாத்தம். அடி வேரு கருப்பா வழுவழுன்னு கையோட வருது. ஆனா நடுவுல மண்ண பிச்சா தூளா உதிருது, சொட்டு ஈரம் இல்ல! அது எப்டி? இன்னொண்ணு, ஒரே செடின்னு நெனச்சேன், அஞ்சு குச்சிய தனித்தனியா நட்டிருக்காங்க. மூணு உள்ளயும் பழுப்பு, ரெண்டு பச்ச.

தொட்டிக்காரர்:
அழுகல். சொன்னேனா இல்லையா.

மண்புழு:
நடு காஞ்சு கெடக்கே சார், அத விட்டுட்டீங்க. அது பீட் கலவ, அதாவது சதுப்பு நிலத்துல மக்கின பாசி கலந்த மண்ணு, ஒரு தடவ நல்லா காஞ்சா அப்பறம் தண்ணிய உள்ள விடாது, ஊத்தினதெல்லாம் ஓரமா எறங்கி அடியில தேங்கிடும். மேல தாகம், கீழ வெள்ளம்.

ஜன்னலோரம், அந்த ரெண்ட மட்டும் பிரிச்சு கருப்பு வேர வெட்டிட்டு, ஓட்ட உள்ள மண் தொட்டியில பெர்லைட்டோ (பொரிஞ்ச வெள்ளக் கல்லுத் துணுக்கு) பெருமணலோ தாராளமா கலந்து நடுங்க. பெரிய தொட்டி வேணாம். வெரல விட்டுப் பாத்து மேல காஞ்சிருந்தா மட்டும் அடியில வழியற வரைக்கும் ஊத்தி, தட்டுல தேங்கறத கொட்டிடுங்க. ஹீட்டர விட்டு தள்ளி, 10லேந்து 15 டிகிரி இருக்கற குளுந்த ரூம்ல வைங்க. சூடும் இருட்டும் சேந்தா தண்டு நூலா நீண்டு போயிடும். நேர் வெயில் 6 மணி நேரம் கெடைக்கலன்னா ஒரு எல்ஈடி லைட்ட ஒரு சாண் மேல தொங்கவிட்டு தெனம் 12 மணி நேரமாவது எரிய விடுங்க, நம்ம கண்ணுக்கு வெளிச்சமா தெரியறது அதுக்கு பத்தாது. உரம் இப்ப வேணவே வேணாம். இல இல்லாத பழைய தண்டு வரைக்கும் வெட்டிடாதீங்க, அதுலேந்து பெரும்பாலும் துளிர்க்காது.

கொத்துமஞ்சரி:
இருந்தாலும் ஒரு தடவ பூதக்கண்ணாடி வச்சு பேன் பாத்துடுங்க.

விதைப்பொட்டலம்:
பச்சையா இருக்கற நுனியில 10 சென்டிமீட்டர் வெட்டி, கீழ்ப்பாதி இலைய உருவிட்டு ஈர மணல்ல சொருகி வைங்க. தாய்ச்செடி போனாலும் கையில ஒண்ணு மிஞ்சும். வேர் வர சில வாரம் ஆகும், தெனம் புடுங்கிப் பாக்காதீங்க.

மண்புழு:
மூணு வாரம் ஆச்சு, என்ன ஆச்சு?

ஜன்னலோரம்:
ஒண்ணு போச்சு, ஒண்ணு துளிர் விட்டிருக்கு, எல்லாருக்கும் தேங்க்ஸ். இலைச்சுருள் சொன்ன மாதிரி ஸ்ப்ரேவும் பண்றேன். இலமேல மாவு தூவின மாதிரி வெள்ளையா ஏதோ இருக்கு, அது நார்மல்தானே?

தொட்டிக்காரர்:
ஜன்னல தொறந்தீங்களா இல்லையா?