லைன் வீட்டில் விசாரணை: அனுபவம் உள்ளவர்கள் வழி சொல்லுங்கள்

வணக்கம். திருப்பூர் பக்கம் களப்பணியில் இருக்கிறேன். குழந்தைகள் உதவி எண் 1098-க்கு வந்த ஒரு புகார் என் கைக்கு வந்திருக்கிறது. அம்மா பனியன் கம்பெனிக்கு நைட் ஷிப்ட் போகும்போது சிறுமியை உள்ளே விட்டு வெளியில் பூட்டிவிட்டுப் போகிறாராம்.

நேற்றுப் போனேன். பூட்டுவது உண்மைதான். ஆனால் உள்ளே மூடி வைத்த சோறு, தண்ணீர்ச் செம்பு, பாய்க்குப் பக்கத்தில் ஒரு டார்ச். "பயமா இருந்தா இதைப் போட்டுக்குவேன்" என்று எரியவிட்டுக் காட்டினாள்.

அக்கம்பக்கத்தில் கேட்டால் ஆளுக்கொரு கதை. குழாயடிச் சண்டை வேறு ஓடுகிறது. எது அக்கறை, எது பகை என்று பிரிக்க முடியவில்லை. நாலே வீடு, நான் யாரிடம் பேசினாலும் அவர்தான் புகார் சொன்னவர் என்று ஆகிவிடும்.

பிள்ளை யாரிடம் இருக்க வேண்டும் என்று முடிவெடுக்கும் குழந்தைகள் நலக் குழுவுக்கு நான் தர வேண்டிய சமூக விசாரணை அறிக்கைக்குச் சட்டப்படி 15 நாள்தான். தாயையும் பிள்ளையையும் பிரிக்கும்படி எழுத மனம் வரவில்லை. பூட்டிய வீட்டில் தீப்பிடித்தால் என்ற நினைப்பும் விடவில்லை.

இப்படி நெருக்கமான இடத்தில் விசாரித்தவர்கள் யாரிடமிருந்து தொடங்கினீர்கள்? வகுப்பு டீச்சரா, வீட்டு உரிமையாளரா? அப்புறம், இரவில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் இடம் தெரிந்தால் தனியாகச் செய்தி அனுப்புங்கள். பெயர், தெரு மட்டும் கேட்காதீர்கள், சொல்லக் கூடாது.