ஐஇடி (கைவசப் பொருட்களால் செய்த வெடிகுண்டு) வெடிப்பில் காயம்பட்ட ராணுவ வீரர்: ஒய்36, ஒய்37, ஒய்38, எந்த கோட் போடுவது?

திருச்சி_கோடர்:
வணக்கம். சிபிசி என்ற மெடிக்கல் கோடிங் தேர்வுக்குப் படிக்கிறேன் (நோய்க்கும் காயத்துக்கும் ஐசிடி-10 பட்டியலில் உள்ள கோட் போடும் வேலை), பயிற்சி சார்ட் (நோயாளி குறிப்பு) ஒன்றில் மாட்டிக்கொண்டேன். நோயாளி அமெரிக்க ராணுவ வீரர். 2011இல் ஆப்கானிஸ்தானில் ரோந்து போகும்போது ஐஇடி வெடித்து இடது கால் முழங்காலுக்குக் கீழே நசுங்கிவிட்டது, ஃபீல்ட் ஆஸ்பத்திரியில் காலை எடுத்துவிட்டார்கள். இப்போது வந்திருப்பது எடுத்த காலில் வலி என்று. கூடவே இரண்டு காதிலும் இரைச்சல், நாள்பட்ட பிடிஎஸ்டி (அதிர்ச்சிக்குப் பின் வரும் மன உளைச்சல்). நான் எஸ்88.112ஏ (அடிபட்டுக் கால் துண்டானது), ஒய்38 (பயங்கரவாதம்), ஒய்99.1 (ராணுவப் பணியில் இருந்தார்) போட்டேன். பக்கத்து சீட்காரர் ஒய்37 என்கிறார். சாரிடம் கேட்டால் "கைட்லைனைப் படி" என்று போய்விட்டார். யாராவது காரணத்தோடு சொல்லுங்கள்.

வெளிக்காரணம்:
முதலில் ஒய்38ஐ அடித்துவிடுங்கள். வெடிகுண்டு என்றாலே பயங்கரவாதம் என்று கை அங்கே போகும், ஆனால் எஃப்பிஐ அதைப் பயங்கரவாதம் என்று சொல்லியிருந்தால்தான் ஒய்38. கோடர் சந்தேகப்பட்டுப் போடக்கூடாது. ஒய்37 அமைதிக் காலத்துக்கு, அதாவது பயிற்சியில் கையெறி குண்டு வெடித்தது, முகாமுக்குள் நடந்த விபத்து போன்றவற்றுக்கு. ஆப்கானிஸ்தான் ரோந்து போர் நடவடிக்கை, அதனால் ஒய்36. அமைதிப்படைப் பணியில் பட்ட காயமும் ஒய்36க்குள்தான் வரும் என்பது பலருக்குத் தெரியாது. ஐஇடி என்றால் ஒய்36.23, அடுத்த எண் வீரருக்கு 0, பொதுமக்களுக்கு 1. ஆக ஒய்36.230. ஒய்99.1 முதல் சிகிச்சையின்போது ஒரே ஒரு தடவை போடுவது, இத்தனை வருஷம் கழித்து வரும் விசிட்டில் அதற்கு வேலை இல்லை.

கோவை_ஆடிட்டர்:
மேலே சொன்னது சரி, ஆனால் பெரிய கோளாறு எஸ்88இல் இருக்கிறது, அதை யாரும் தொடவில்லையே! எஸ்88 வெடிப்பிலேயே கால் துண்டானால் போடுவது. இங்கே கால் நசுங்கியது, எடுத்தது சர்ஜன். அப்போது காயம் எஸ்87.82, கால் இல்லாத நிலைக்கு இசட்89.512. (திறந்த எலும்பு முறிவும் சார்ட்டில் இருந்தால் எஸ்82ஐயும் பாருங்கள்.) அப்புறம் கடைசி எழுத்தாக 'ஏ' எப்படி வரும்? அது காயத்துக்கே சிகிச்சை நடக்கும்போது, 'டி' ஆறிவரும் காலத்துக்கு. இவருக்கு ஆறி முடிந்து, அதன் பின்விளைவாக வலி. பின்விளைவு என்றால் இப்போதைய பிரச்சினை முன்னால், பழைய காயம் 'எஸ்' போட்டுப் பின்னால். என் வரிசை: ஜி54.6 (இல்லாத காலில் வலி), எஸ்87.82எக்ஸ்எஸ் (எக்ஸ் இடம் நிரப்ப மட்டும்), ஒய்36.230எஸ், இசட்89.512, பிடிஎஸ்டிக்கு எஃப்43.12, காதுக்கு எச்93.13. போருக்கு அனுப்பப்பட்ட வரலாறு சார்ட்டில் இருக்கிறது, இசட்91.82 சேர்க்கலாம்.

ஒன்று மட்டும் கவனம். காது இரைச்சல் வெடிப்பால் வந்தது என்று டாக்டர் எழுதியிருக்கிறாரா? எழுதாவிட்டால் நீங்களாக முடிச்சுப் போடாதீர்கள், எச்93.13 தனியாக நிற்கட்டும், வேலையில் என்றால் டாக்டரிடம் விளக்கம் கேட்டு க்வெரி அனுப்புங்கள். வெடி சத்தத்தில் இருந்தவர்தானே, வேறெதனால் வரும் என்று நமக்குத் தோன்றும், தோன்றுவதெல்லாம் கோட் ஆகாது.

திருச்சி_கோடர்:
மிக்க நன்றி அண்ணா, எஸ்88 விஷயம் எனக்குத் தோன்றவே இல்லை. ஒரு சந்தேகம்: சார்ட்டின் பழைய பக்கத்தில் 9411, 6260 என்று எண்கள் இருக்கின்றன. இது ஐசிடி-10க்கு முன்னால் இருந்த ஐசிடி-9ஆ?

வெளிக்காரணம்:
இல்லை தம்பி, அது விஏ, அதாவது அமெரிக்காவின் முன்னாள் ராணுவத்தினர் துறை, ஊனமுற்றோர் உதவித்தொகைக்காக வைத்திருக்கும் தனிப் பட்டியல். 9411 பிடிஎஸ்டி, 6260 காது இரைச்சல், மூளைக்காயம் என்றால் 8045. நம் கிளெய்மில் (பணம் கேட்டு இன்ஷூரன்ஸுக்கு அனுப்பும் பில்) அது போகாது. ஐசிடி-9இல் போர்க் காயங்களுக்கு ஈ990 முதல் ஈ999 வரை இருந்தது, 2015 அக்டோபர் 1க்கு முன்னால் உள்ள பக்கங்களில் அதைப் பார்க்கலாம், இப்போதைய விசிட்டுக்கு அதையும் எடுக்காதீர்கள்.

ராத்திரி_ஷிப்ட்:
இவ்வளவு மெனக்கெட்டு ஒய்36 போட்டு என்ன பயன்? வெளிக்காரண கோட் (காயம் எப்படி வந்தது என்று சொல்வது) கட்டாயம் என்று தேசிய அளவில் விதியே கிடையாது, பணமும் அதற்கு வராது. சென்னையில் என் டீமில் சிவிலியன் ஆஸ்பத்திரி சார்ட்தான், இதை யாரும் தொட்டதே இல்லை.

கோவை_ஆடிட்டர்:
பணத்துக்கு இல்லை, கணக்குக்கு. எந்த ஆயுதத்தால் எந்த உறுப்பில் அடி என்று தெரிந்தால்தான் கவசத்தையும் வண்டியையும் மாற்றுவார்கள். சான் அன்டோனியோவில் இருக்கும் அமெரிக்க ராணுவத்தின் ஜாயின்ட் ட்ராமா சிஸ்டம் அதற்காகவே போர்க் காயங்களுக்குத் தனிப் பதிவேடு வைத்திருக்கிறது, காயத்தின் கடுமையை அளக்கும் ஏஐஎஸ் அளவுகோலுக்கும் ராணுவத்துக்கென்று தனிப் பதிப்பு வந்தது, சாலை விபத்தை மனதில் வைத்துப் போட்ட எண்கள் குண்டுவெடிப்புக்குப் பொருந்தவில்லை என்பதால். தம்பி, தேர்வில் இசட்44.122ஐயும் வைத்துக் குழப்புவார்கள், அது செயற்கைக்கால் பொருத்த வந்தால் மட்டும்.