பாலாறு கடலில் சேரும் ஊரில் அணு உலை: கரண்ட் தட்டுப்பாட்டுக்கு இதுதான் வழியா?

குடியாத்தம் தறிக்காரன்
2012 யாருக்காவது ஞாபகம் இருக்கிறதா? சென்னையில் இரண்டு மணி நேரம் கரண்ட் போனால் எங்களுக்குப் பத்துப் பன்னிரண்டு மணி நேரம் போகும். ஓடுகிற தறி பாதியில் நின்று மறுபடி ஓட்டினால், நின்ற இடத்தில் துணியில் ஒரு கோடு விழும். அந்த லுங்கியை வியாபாரி விரலால் தடவிப் பார்த்துவிட்டு இரண்டாம் தரம் என்று தள்ளி வைப்பார். ராத்திரி இரண்டு மணிக்குக் கரண்ட் வந்தால் இரண்டு மணிக்கு எழுந்து ஓட்டினோம். உலகம் முழுக்க இப்போது மின்சாரத்துக்கு அலைகிறது. நம் நாட்டில் அணு மின்சாரம் மொத்தத்தில் 3 சதவீதம்தான், 2047-க்குள் 100 ஜிகாவாட், அதாவது ஒரு லட்சம் மெகாவாட் ஆக்குவோம் என்று 2025 பட்ஜெட்டில் சொன்னார்கள். சொன்னபடி கட்டட்டும் என்கிறேன். வேண்டாம் என்பவர்கள் காரணத்தோடு வாருங்கள்.

மணலற்ற பாலாறு
தறிக்கார அண்ணே, உங்கள் கஷ்டம் புரிகிறது, ஆனால் அதைத் தீர்த்தது அணு உலை இல்லையே. கூடங்குளத்துக்கு 1988-ல் ஒப்பந்தம் போட்டார்கள், முதல் உலை கிரிட்டில், அதாவது மின் தொகுப்பில், சேர்ந்தது 2013-ல். அன்றைக்குப் பிறந்த பிள்ளைக்குக் கல்யாணமே ஆகியிருக்கும். நம் பாலாறு கடலில் சேரும் இடத்துப் பக்கம் இருக்கிற கல்பாக்கத்தில், எரியும்போதே புது எரிபொருளையும் உண்டாக்கும் ஈனுலைக்கு 2004-ல் வேலை தொடங்கினார்கள், 2024 முடியும் வரை அதிலிருந்து ஒரு யூனிட் வெளியே வரவில்லை. நெருக்கடி இன்றைக்கு என்கிறீர்கள், மருந்து இருபது வருடம் கழித்து வருமாம்!

காட்பாடி ரிட்டயர்டு ஈபி
தம்பி சொல்கிற தாமதம் உண்மை, அதை நான் மறுக்க மாட்டேன். 2012 தட்டுப்பாடு தீர்ந்ததற்குப் பல காரணம். வல்லூர், மேட்டூரில் புது அனல் நிலையங்கள் வந்தன, 2013 டிசம்பர் 31 அன்று ராய்ச்சூர் சோலாப்பூர் லைன் வழியாகத் தென்னக கிரிட் நாட்டு கிரிட்டோடு சேர்ந்தது, அப்புறம் கூடங்குளமும் வந்தது. எதையும் தனியாகப் பிரித்துச் சொல்ல முடியாது.

கணக்கை மட்டும் பாருங்கள். 1000 மெகாவாட் உலை ஒரு நாள் முழுக்க ஓடினால் 2.4 கோடி யூனிட். மொட்டை மாடியில் ஒரு கிலோவாட் சோலார் நாளைக்குச் சுமார் 4 யூனிட் தரும், அப்படியென்றால் அதே 2.4 கோடிக்கு 6000 மெகாவாட் சோலார் வேண்டும். மெகாவாட்டுக்கு 4 ஏக்கர் வைத்தாலும் 24,000 ஏக்கர். அதுவும் சாயங்காலம் ஆறு மணிக்குக் கடையை மூடிவிடும். நிலக்கரியில் செய்தால் தினமும் 15,000 டன் அளவுக்கு எரிக்க வேண்டும், காட்பாடி ஜங்ஷனில் நின்று எண்ணினால் நாலு கூட்ஸ் வண்டி. அணு உலைக்கு வருடம் முழுக்கச் சேர்த்து 25 டன் எரிபொருள் போதும். முப்பது வருடம் சப்ஸ்டேஷனில் லோடு பார்த்தவன் சொல்கிறேன், ராத்திரி லோடுக்குக் கனவு உதவாது.

ஆம்பூர் பாய்
சார் சொன்னது சரி. 2004 சுனாமியில் கல்பாக்கம் குடியிருப்பில் உயிர் போனது, பம்ப் ஹவுஸில் கடல் புகுந்தது, ஆனால் ஓடிக்கொண்டிருந்த உலையைப் பத்திரமாக நிறுத்திவிட்டார்கள். அதை ஏன் யாரும் பேசுவதில்லை?

மணலற்ற பாலாறு
பேசலாம் பாய். அதே மாதிரி சுனாமி 2011-ல் ஜப்பானில் ஃபுகுஷிமா அணு உலையில் என்ன செய்தது என்பதையும் சேர்த்துப் பேசலாம். ஜப்பான்காரனுக்கு சுனாமி தெரியாதா? தெரிந்தும், உலையைக் குளிரவைக்கக் கரண்ட் தரும் ஜெனரேட்டரைக் கீழ்த்தளத்தில்தான் வைத்திருந்தான், தண்ணீர் புகுந்து அது நின்று உலை உருகியது.

இன்னொன்று, கடல் தண்ணீரில் குளிரவைக்கிறார்கள் என்று எல்லோரும் நினைக்கிறோம், ஆனால் கல்பாக்கத்துக்கு வேண்டிய நல்ல தண்ணீருக்கு நம் பாலாற்றுப் படுகையைத்தான் தோண்டினார்கள். தண்ணியில்லாத ஆறு என்று வேலூரைக் கிண்டல் செய்வார்களே, அந்த ஆறுதான்! கடல்நீரைக் குடிநீராக்க நாளைக்கு 63 லட்சம் லிட்டர் ஆலை அப்புறம் வந்தது, அதற்கு நன்றி.

சிப்காட் பக்கத்து வீடு
நான் ராணிப்பேட்டை. உங்கள் யூனிட் கணக்கெல்லாம் எனக்குத் தெரியாது. எங்கள் பக்கம் ஒரு குரோமேட் ஆலை இருந்தது, மூடி கிட்டத்தட்ட முப்பது வருடம் ஆகிறது. கழிவை அங்கேயே கொட்டிவிட்டுப் போனார்கள், ஒன்றரை லட்சம் டன்னுக்கு மேல். மழை பெய்தால் மேட்டின் அடியிலிருந்து மஞ்சளாக ஊறும், எலுமிச்சம்பழ ஜூஸ் மாதிரி பார்க்க அழகாகவே இருக்கும். எங்கள் கிணற்றை மாமனார் காலத்திலேயே பலகை போட்டு மூடிவிட்டோம். இத்தனை வருடத்தில் இதையே முழுதாக எடுத்தபாடில்லை. அணுக் கழிவைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்வோம் என்று சொன்னால் சிரிப்புதான் வருகிறது.

காட்பாடி ரிட்டயர்டு ஈபி
அம்மா, இரண்டையும் ஒன்றாக வைக்காதீர்கள். குரோமியத்துக்கு அரை ஆயுள், அதாவது தானாகப் பாதியாகக் குறையும் காலம், என்பதே கிடையாது, யாரும் தொடாவிட்டால் அது என்றைக்கும் குரோமியம்தான். அணுக் கழிவில் இருக்கும் சீசியம்-137 முப்பது வருடத்தில் பாதியாகும், அடுத்த முப்பதில் அதிலும் பாதி. அந்தக் கழிவைக் கண்ணாடியோடு உருக்கி எஃகு டப்பாவில் அடைத்து, கணக்கெழுதி வைக்கிறார்கள். உங்கள் ஊரில் மண்மேட்டைத் திறந்தபடி விட்டார்கள். புளூட்டோனியத்துக்கு 24,000 வருடம் என்பீர்கள், அதைத்தான் ஈனுலையில் எரிபொருளாகப் போட்டு எரிக்கப் பார்க்கிறார்கள்.

சிப்காட் பக்கத்து வீடு
சார், அந்த ஆலைக்கும் அனுமதி கொடுத்த அதிகாரி இருந்தார், அங்கேயும் கணக்கு எழுதினார்கள். பொருள் எத்தனை வருடம் இருக்கும் என்று நீங்கள் சொல்கிறீர்கள். பொறுப்பு எத்தனை வருடம் இருக்கும் என்று நான் கேட்கிறேன்.

மணலற்ற பாலாறு
அக்கா கேட்டதுதான் கேள்வி. தோல் தொழிற்சாலைகள் பாலாற்றைக் கெடுத்ததால் நம் வேலூர்க்காரர்கள் போட்ட வழக்கில்தான், கெடுத்தவனே காசு கொடுக்க வேண்டும் என்று 1996-ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது, இன்றைக்கும் நாடு முழுக்க அந்தத் தீர்ப்பைக் காட்டுகிறார்கள். ஆனால் 2010-ல் வந்த அணு விபத்து இழப்பீட்டுச் சட்டம், உலையை நடத்துபவர் கொடுக்க வேண்டியது 1500 கோடி வரைதான் என்று வரம்பு கட்டியது. ஃபுகுஷிமா செலவு 21.5 லட்சம் கோடி யென் ஆகும் என்று ஜப்பான் அரசே 2016-ல் மதிப்பிட்டது. நம் காசில் பத்து லட்சம் கோடிக்கு மேல். தோல் ஷாப்புக்கு ஒரு நியாயம், அணு உலைக்கு ஒரு நியாயமா?

ஆம்பூர் பாய்
இதை ஒத்துக்கொள்கிறேன். எங்கள் தோல் ஷெட்டுக்குச் சுத்திகரிப்புக் கட்டணம் மாதம் தவறாமல் கட்டுகிறோம், ஒரு தரம் தவறினால் சீல்.

காட்பாடி ரிட்டயர்டு ஈபி
1500 கோடி எனக்கும் உறுத்துகிறது. அதற்காக உலையே வேண்டாம் என்றால் ஜெர்மனி மாதிரி ஆகும். 2023 ஏப்ரலில் கடைசி மூன்று உலைகளை மூடினான், நிலக்கரி நிலையங்களை விட்டு வைத்தான். எது முதலில் போயிருக்க வேண்டும்?

குடியாத்தம் தறிக்காரன்
நான் ஆரம்பித்த பேச்சு எங்கேயோ போய்விட்டது. விசைத்தறிக்கு இரண்டு மாதத்துக்கு 1000 யூனிட் இலவசம், அது போதவில்லை, பகல் ஷிப்டுக்கு மாடியில் சோலார் போடலாம் என்று மகன் சொல்கிறான், நானும் சரி என்றுதான் இருக்கிறேன். ராத்திரி ஷிப்டுக்கு மட்டும் எனக்கு வேறு வழி தெரியவில்லை. அக்கா, உங்கள் கிணற்றுக்கும் என்னிடம் பதில் இல்லை.

சிப்காட் பக்கத்து வீடு
பதில் வேண்டாம் தம்பி. ஞாயிற்றுக்கிழமை வாருங்கள், பலகையை நகர்த்தி ஒரு வாளி இறைத்துக் காட்டுகிறேன். ஈபி சாரும் வரட்டும்.

காட்பாடி ரிட்டயர்டு ஈபி
வருகிறேன் அம்மா. என் சகலை கல்பாக்கத்தில் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர், அவரையும் கூட்டி வருகிறேன், கேட்க வேண்டியதை அவரிடமே நேராகக் கேளுங்கள். முத்துக்கடையில் இறங்கினால் எந்தப் பஸ்?