ஆடுபவரின் சாயலிலேயே அமையும் ஆட்ட உருவத்துக்கு ஒரு சொல்

குழுவினர் அனைவருக்கும் வணக்கம்.

கட்டற்ற உரிமத்தில் வெளிவரும் ஒரு கணினி விளையாட்டின் இடைமுகத்தைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். திங்கட்கிழமை மாலைக்குள் கோப்பை அனுப்பியாக வேண்டும். கோடை விடுமுறை வகுப்புக்கு வரும் பள்ளிப் பிள்ளைகள் முதலில் பார்க்கப்போகும் திரையிலேயே நான் சிக்கிக்கொண்டேன். ஆடுபவர் தம்மைப் போன்ற ஓர் உருவத்தை அங்கே அமைத்துக்கொண்டு, அதன் வழியாகவே ஆட்டம் முழுவதையும் ஆடுகிறார். அந்த உருவத்துக்கு என்ன பெயரிடுவது? இப்போதைக்குக் 'கதாபாத்திரம்' என்று போட்டிருக்கிறேன். ஆனால் திரையின் உச்சியில் 'பாத்திரப் படைப்பு' என்று பார்த்தால் முதுகலைத் தமிழ் வினாத்தாளை நீட்டியது போலிருக்கிறது. 'கதைமாந்தர்' என்றால் ஒருமைக்கு எங்கே போவது?

அமைக்கும் வழியும் ஒன்றல்ல. 2006இல் நின்டெண்டோவின் வீ கருவியோடு வந்த 'மீ' உருவங்களில், கண், புருவம், மூக்கு, வாய் எல்லாம் ஆயத்தமாக இருக்கும். வேண்டியதைத் தேர்ந்தெடுத்து, மேலே கீழே நகர்த்திப் பொருத்திக்கொள்ளலாம். அதே ஆண்டில் வந்த 'ஆப்லிவியன்' ஆட்டத்தில் தாடை அகலம், கன்ன எலும்பு, நெற்றி என்று ஒவ்வொன்றுக்கும் இடமும் வலமும் இழுத்து அளவை மாற்றும் ஒரு ஸ்லைடர் இருந்தது. 2014இல் வந்த 'சிம்ஸ் 4' முகத்தையே சுட்டியால் பிடித்து இழுக்கவும் அமுக்கவும் விட்டது. அதே 2014இல் 'என்பிஏ 2கே15' என்ற கூடைப்பந்து ஆட்டம் ஆடுபவரின் முகத்தைக் கேமராவால் ஸ்கேன் செய்து வீரனின் தலையில் ஒட்டியது. நான் தமிழாக்கும் ஆட்டத்தில் இந்த நான்கு வழிகளுக்கும் தனித்தனிப் பொத்தான்கள் உள்ளன. ஒரு பொத்தானில் 12 எழுத்துக்கு மேல் இடமில்லை.

மொழிபெயர்ப்பாளர், கோவை

---

அன்புடையீர்,

சொல் நம் வீட்டிலேயே இருக்கிறது. 'நுண்மாண் நுழைபுலம் இல்லான் எழில்நலம் மண்மாண் புனைபாவை யற்று' என்பது 407ஆம் குறள். புனைபாவை! ஆட்ட உருவத்தைப் பார்க்காமலேயே வள்ளுவர் அதற்குப் பெயர் வைத்துவிட்டுப் போயிருக்கிறார். இது வினைத்தொகை என்பதை இளைய நண்பர்கள் கவனிக்க வேண்டும். புனைந்த பாவை, புனைகின்ற பாவை, புனையும் பாவை என முக்காலத்துக்கும் அது பொருந்தும். ஆட்டத்தின் நடுவில் மீசையை மாற்றினாலும், பத்தாம் கட்டம் தாண்டியபின் உயரத்தைக் கூட்டினாலும் பெயர் பொய்க்காது. புனைதலில் அழகுபடுத்தல் உண்டு, கற்பித்தல் உண்டு, உடுத்தலும் சூடலும் உண்டு. ஆட்டத்தில் சட்டை மாற்றுவதுவரை அந்த ஒரு வினையே போதும். வலியும் மிகாது என்பதால் எழுத்துப் பிழைக்கும் இடமில்லை.

பாவை என்பதன் ஆழத்தையும் மறக்க வேண்டாம். எதிரே நிற்பவரின் கண்மணியில் சிறிதாகத் தெரியும் நம் உருவமே பாவை. அதனால்தான் 1123ஆம் குறளில் தலைவன் 'கருமணியிற் பாவாய்நீ போதாய்' என்று அதை வெளியேறச் சொல்கிறான். நூலால் ஆட்டினால் உயிருள்ளது போல் மயக்கும் மரப்பாவை 1020ஆம் குறளில் வருகிறது. நம் சாயல், பிறர் ஆட்ட ஆடுதல் இரண்டும் ஒரே சொல்லில் அடங்கியிருக்கும்போது வேறு சொல் எதற்கு?

ஓய்வுபெற்ற தமிழ்ப் பேராசிரியர், தஞ்சாவூர்

---

ஐயாவுக்கு வணக்கம்.

407ஆம் குறள் வசைப்பாட்டு அல்லவா? நுண்ணறிவு இல்லாதவனின் அழகு மண்பொம்மையின் அழகுதான் என்று சொல்ல வந்த இடத்தில் இருக்கும் சொல்லை, 'இதோ, இது நீ' என்று ஒரு பிள்ளையிடம் நீட்டுவது எனக்குச் சரியாகப் படவில்லை. பிள்ளைகள் அனைவரும் 'அவதார்' என்றுதான் சொல்கிறார்கள். அதையே வைத்துவிடலாம் என்பது என் கருத்து.

வடமொழி என்று ஒதுக்குவோருக்கு ஒன்று. இறங்கி வருதல் என்ற பொருளுடைய அச்சொல் கடல் கடந்து போய், 1985இல் 'அல்டிமா 4' ஆட்டத்தின் பெயரிலேயே இடம்பிடித்தது. அந்த ஆட்டம் முகத்தைக் கேட்கவில்லை. குறி சொல்லும் ஒரு பெண், வாய்மையா இரக்கமா, வீரமா நீதியா என்று அறச்சிக்கல்களை ஒவ்வொன்றாக எடுத்துவைப்பாள். நாம் சொல்லும் விடைகளைக் கொண்டே நாம் யார் என்று ஆட்டம் முடிவு செய்யும். தன்னைப் போன்ற உருவத்தை அமைக்கும் வழிகளில் ஐந்தாவதாக இதையும் சேர்க்க வேண்டும். திரையில் நம் சார்பில் நடமாடும் உருவத்தை 1986இல் லூகாஸ்ஃபிலிமின் 'ஹேபிடட்' என்ற இணைய ஆட்டம் அதே சொல்லால் குறித்தது. இத்தனை ஊர் சுற்றி வந்த சொல்லை வாசலிலேயே நிறுத்துவானேன்?

ஸ்லைடருக்குப் பின்னால் நடப்பதையும் சொல்லிவிடுகிறேன், சொல் ஆக்க உதவும். நடுநிலை முகம் ஒன்றில் ஆயிரக்கணக்கான புள்ளிகள் இருக்கும். 'அகன்ற தாடை' என்ற மாற்றுமுகத்தில் அதே புள்ளிகள் எவ்வளவு விலகியுள்ளன என்பதைக் கணினி சேமித்து வைத்துக்கொள்ளும். ஸ்லைடரைப் பாதியில் நிறுத்தினால் ஒவ்வொரு புள்ளியும் அந்த விலகலில் பாதி தூரம் நகரும். ஆக, ஸ்லைடர் நகர்த்துவது முகத்தை அன்று. இரு முகங்களுக்கிடையே உள்ள தொலைவைத்தான்.

நிரலாளர், சென்னை

---

அன்பின் குழுவினருக்கு,

நிரலாளத் தம்பி சொல்வதில் பாதியை ஏற்கிறேன். 'அவதார்' விளங்கும், ஆனால் எங்கள் மாணவர்களுக்கு அவதாரம் என்றால் முதலில் திருமாலின் பத்தும் நினைவுக்கு வரும். கடவுள் கீழே இறங்குவது அவதாரம். ஆட்டத்திலோ ஒல்லிப்பிச்சானாக இருக்கும் பையன் தன் உருவத்துக்கு மலை போன்ற தோளைக் கொடுத்து மேலே ஏறுகிறான். பேராசிரியர் ஐயாவின் பாவையை என் வகுப்பு ஆண்பிள்ளைகள் ஒருநாளும் ஏற்கமாட்டார்கள். இன்றைய வழக்கில் பாவை பெண்பாலாகிவிட்டது.

'அப்பாவின் சாயல்', 'அம்மம்மாவின் சாயல்' என்று நாங்கள் நாளும் சொல்கிறோம். அதை விட்டுவிட்டு ஏன் அலைகிறோம்? சாயலுரு என்று வையுங்கள். ஸ்கேன் செய்வதற்கும் இலங்கையில் சொல் உண்டு: வருடல். 'முகம் வருடுக' என்றால் கேமராவின் முன் இருக்கும் பிள்ளைக்கு அது அன்பாகவும் கேட்கும்.

அதைவிட முக்கியமான ஒன்று நிறப் பட்டியல். நீங்கள் அனுப்பிய கோப்பில் தோல் நிறங்களுக்கு 'வெள்ளை, சிவப்பு, பழுப்பு, கருப்பு' என்று இருக்கிறது. நம் ஊர்களில் 'பிள்ளை நல்ல சிவப்பு' என்றால் வெளுத்த நிறம். திரையில் 'சிவப்பு' என்ற கட்டத்தைத் தொட்ட பிள்ளையின் முன் செக்கச்செவேலென்று ஓர் அரக்கன் வந்து நின்றால் என்ன செய்வது? எங்களில் பெரும்பாலோருக்கு உரிய 'மாநிறம்' அந்தப் பட்டியலில் இல்லவே இல்லை. தன் சாயலில் ஓர் உருவம் அமைக்கச் சொல்லிவிட்டு, தன் நிறத்தின் பெயரை மட்டும் தராமல் விடுவது முறையாகாது.

தகவல் தொழினுட்ப ஆசிரியை, மட்டக்களப்பு

---

அம்மையாரின் மடல் கண்டேன், மகிழ்ச்சி. எனினும் 'சாயல் மென்மை' என்பது தொல்காப்பிய உரியியல். பழைய வழக்கில் சாயல் ஒப்புமை அன்று, மென்மை. 'உரு' என்பதிலும் இடர் உண்டு. 'வினைபயன் மெய்உரு என்ற நான்கே' என்று உவமவியல் வகுக்கும்போது, மெய் என்பது வடிவு, உரு என்பது நிறம். ஆகவே தொல்காப்பியர் வழி நின்றால் சாயலுரு என்பது 'மென்மையான நிறம்' ஆகிவிடும்.

ஆயினும் அந்த நூற்பா நமக்கு வேறு வழியில் உதவுகிறது. 'மீ' உருவம் மெய்யுவமம். நிறப் பட்டியல் உருவுவமம். சென்னை நண்பர் சொன்ன 1985ஆம் ஆண்டு ஆட்டமோ, விடைகளால் ஆளை அறிவதால், வினையுவமம். பயனுவமத்துக்கு எடுத்துக்காட்டு இன்னும் அகப்படவில்லை, தேடுகிறேன்.

மாநிறம் பற்றியும் ஒரு சொல். அது மாந்தளிரின் நிறம். குறுந்தொகை 27இல் வெள்ளிவீதியார் 'மாமைக் கவின்' என்றது அதையே. மா என்பது கருமை என்று சொல்வோரும் உளர். அதற்கான விடையைத் தனிக் கட்டுரையாகவே வைத்திருக்கிறேன்.

பாவை வேண்டாமென்றால் இன்னொன்று தருகிறேன்: தன்னிகர். காப்பியத்துக்குத் 'தன்னிகர் இல்லாத் தலைவன்' வேண்டும் என்று தண்டியலங்காரம் விதிக்கிறது. இந்த ஆட்டங்களிலோ தலைவன் ஆடுபவனுக்கே நிகராக இருக்க வேண்டும். தன்னிகர் உள்ள தலைவன் தமிழுக்குப் புதியவன். அவனுக்குப் பழைய சொல்லே பெயராகட்டும்.

தஞ்சாவூரிலிருந்து

---

ஐயா, 'தன்னிகர்' கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அச்சொல் இன்று 'அற்ற', 'இல்லாத' என்ற வால்களோடு மட்டுமே உயிர் வாழ்கிறது. 'தன்னிகர் அமைக்க' என்று படிக்கும் பிள்ளை, ஏதோ எழுத்து விடுபட்டுவிட்டது என்றே எண்ணும். தன் என்பது யாரைச் சுட்டுகிறது என்ற குழப்பம் வேறு: ஆடுபவரையா, உருவத்தையா?

மாநிறத்துக்கு என் முழு ஆதரவு. ஒருங்குறி (யூனிகோடு) 2015இல் முகக்குறிகளுக்கு (எமோஜி) சேர்த்த ஐந்து தோல் நிறங்களும் வெயிலில் தோல் எப்படிக் கன்றுகிறது என்று பார்க்க மருத்துவர்கள் வகுத்த ஃபிட்ஸ்பேட்ரிக் அளவையை ஒட்டியவை. கூகுள் 2022இல் வெளியிட்ட மங்க் அளவையில் பத்து நிறங்கள் உள்ளன. நம் கோப்பில் பெயர்கள் நான்கு. ஐந்தாவதைச் சேர்க்க நிரலில் ஒரு வரி போதும், நானே எழுதித் தருகிறேன்.

ஸ்கேனுக்கு எங்கள் வீட்டில் கேட்டபோது, 'அப்பனை உரித்து வைத்தது போல என்கிறோமே, முகத்தை உரித்து வை என்று போடு' என்றார்கள். தமிழ் மரபுதான், மறுக்க முடியாது. ஆனால் அந்த 2014ஆம் ஆண்டு ஆட்டத்தில் ஸ்கேன் பிசகி, கண் ஒருபுறமும் வாய் ஒருபுறமுமாக வந்த முகங்களை இணையத்தில் பார்த்தவர்கள் அந்த வினையைப் பரிந்துரைக்கமாட்டார்கள். வருடலே இருக்கட்டும்.

நிரலாளர், சென்னை

---

அனைவருக்கும் நன்றி. கோப்பை நாளை அனுப்பியாக வேண்டும் என்பதால் இதுவரை வந்த கருத்துகளைக் கொண்டு முடிவெடுத்திருக்கிறேன். உருவத்துக்குச் 'சாயலுரு'. கருத்துச் சொன்னவர்களில் பெரும்பாலோர் இதைத் தழுவினார்கள் என்பதைவிட, எதிர்க்கக் களைத்துப்போனார்கள் என்பதே உண்மை. உரு என்றால் நிறமே என்ற பேராசிரியர் ஐயாவின் தடையை மதிக்கிறேன்; ஆனால் இன்றைய வாசகருக்கு உரு என்றால் வடிவம்தான்.

வழிகளுக்கு இப்படி வைத்திருக்கிறேன்: ஆயத்த உறுப்புகளுக்கு 'தெரிக', ஸ்லைடருக்கு 'நகர்த்துக', முகத்தைப் பிடித்து இழுப்பதற்கு 'வனைக', கேமராவுக்கு 'முகம் வருடுக'. குயவர் வினையான வனைதலுக்கு எவரும் மறுப்புச் சொல்லாதது இந்தக் குழுவின் வரலாற்றில் வியப்பே. நிறப் பட்டியலில் 'சிவப்பு' நீங்கி 'வெளிர்நிறம்' வந்தது; 'மாநிறம்' நடுவில் சேர்ந்தது. விளக்கவுரையில் ஓரிடத்தில் மட்டும் 'சாயலுரு என்பது பிறர் அவதார் என்று சொல்வது' என்று எழுதிவிட்டேன்.

கோவை

---

முடிவுக்குக் கட்டுப்படுகிறேன், உடன்படவில்லை. சாயலுரு என்பதைச் சாயலை உடைய உரு என்று உருபும் பயனும் உடன்தொக்க தொகையாக விரிப்பதா, சாயலும் உருவும் என்று உம்மைத்தொகையாக விரிப்பதா என்பதை முன்மொழிந்தவர் இன்னும் தெளிவுபடுத்தவில்லை. கலைச்சொல் பட்டியலில் புனைபாவையும் மாற்றுச் சொல்லாக இடம்பெற வேண்டும். இல்லையேல் என் எதிர்வாக்கைப் பதிவு செய்க. 'அவதார்' என்ற சொல் விளக்கவுரையில் நுழைந்ததற்கும் தனியாக ஓர் எதிர்வாக்கு. ஸ்லைடர் என்னும் கருவிக்கு இன்னும் பெயர்ச்சொல் இல்லை என்பதையும் நினைவூட்டுகிறேன். நகர்த்தி, நழுவி, வழுக்கி என்ற மூன்றையும் நாளை தனி இழையில் எடுத்துக்கொள்வோம்.

தஞ்சாவூரிலிருந்து