அப்பாவுக்கு சாலிட்டர் ஆட நல்ல தளம் வேண்டும், ஃப்ரீசெல் எண் போட்டு ஆட வசதியோடு

தாமிரபரணி_கரை:
எல்லோருக்கும் வணக்கம். அப்பாவுக்கு வயது எழுபதைத் தாண்டிவிட்டது. வேலையில் இருந்த காலத்தில் அலுவலக விண்டோஸ் கணினியில் மதிய இடைவேளையில் ஃப்ரீசெல் (தனியாக ஆடும் சீட்டாட்டமான சாலிட்டரில் ஒரு வகை) ஆடிப் பழகியவர். சும்மா ஆடமாட்டார். ஆட்ட எண்ணைக் கொடுத்துத்தான் ஆடுவார். முடித்த எண், முடிக்காத எண் எல்லாவற்றையும் ஒரு டைரியில் எழுதி வைத்திருக்கிறார். கண்புரை அறுவை சிகிச்சை முடிந்து இப்போது பார்வை நன்றாகத் தெரிவதால் மறுபடி ஆட ஆசைப்படுகிறார்.

ஆண்ட்ராய்டு டேப்லெட் ஒன்று வாங்கிக் கொடுத்தேன். குரோமில் தேடியபோது கண்ணில் பட்ட ஒரு தளத்தில் ஆட ஆரம்பித்தார். அங்கேதான் தொல்லை. சீட்டை இழுக்கும்போது விரல் கீழே இருக்கும் விளம்பரத்தில் பட்டு வேறு பக்கம் திறந்துவிடுகிறது. திரும்பி வந்தால் ஆட்டம் புதிதாகத் தொடங்குகிறது. இரண்டு நாளாக ஆடாத நேரத்திலும் "உங்கள் சாதனத்தில் வைரஸ்" என்று அறிவிப்பு வருகிறது. அவர் பயந்து டேப்லெட்டையே அணைத்து வைத்துவிட்டார். இன்னொன்று, க்ளோண்டைக் என்ற வழக்கமான சாலிட்டர் வகையை ஆடினால் ஜெயிக்கவே முடிவதில்லை, தளம் ஏமாற்றுகிறது என்கிறார். எண் கொடுத்து ஆட அந்தத் தளத்தில் வழியும் இல்லை.

அவருக்கு ஏற்ற தளம் எது? அந்த அறிவிப்பை எப்படி நிறுத்துவது? தம்பியின் பழைய மடிக்கணினி ஒன்று லினக்ஸோடு சும்மா கிடக்கிறது, தேவைப்பட்டால் அதையும் பயன்படுத்தலாம்.

ராத்திரி_ஷிஃப்ட்:
முதலில் அந்த வைரஸ் அறிவிப்பு. பெரும்பாலும் அது வைரஸே இல்லை, அப்பாவிடம் தைரியமாகச் சொல்லுங்கள். ஆட்டத்தைத் திறந்தபோது "அறிவிப்பு அனுப்பலாமா" என்று ஒரு பெட்டி வந்திருக்கும், அவர் அனுமதி என்பதைத் தொட்டிருப்பார். அந்த அனுமதியை வைத்துக்கொண்டு குரோம் வழியாகத் தளம் விளம்பரம் அனுப்புகிறது. அறிவிப்பில் இருக்கும் "ஸ்கேன் செய்" பொத்தானை மட்டும் தொடவே கூடாது. ஆபத்து அங்கேதான்.

குரோமில் மூன்று புள்ளி, செட்டிங்ஸ், சைட் செட்டிங்ஸ், நோட்டிஃபிகேஷன்ஸ். அனுமதி பெற்ற தளங்களின் பட்டியல் அங்கே வரும். தெரியாத பெயர் எது இருந்தாலும் அதைத் தொட்டு அனுமதியை நீக்குங்கள். அதே இடத்தில், இனிமேல் எந்தத் தளமும் கேட்கவே கூடாது என்று மொத்தமாகவும் நிறுத்தி வைக்கலாம். அவருக்கு அதுதான் நல்லது. பாப்-அப் என்ற தலைப்பும் பக்கத்திலேயே இருக்கும், அதுவும் தடையில் இருக்கிறதா என்று பாருங்கள். அப்புறம், ஆப் பட்டியலைத் திறந்து, நீங்கள் நிறுவாத ஆப் எதுவும் புதிதாக வந்திருக்கிறதா என்று ஒரு முறை கண்ணோட்டம் விடுங்கள். இருந்தால் எடுத்துவிடுங்கள்.

ஐந்தாவது_மாடி:
ரொம்ப எளிதான வழி, கூகுள் தேடலில் சாலிட்டர் என்று ஆங்கிலத்தில் அடியுங்கள். ஆட்டம் அங்கேயே திறக்கும். 2016 முதல் இருக்கிறது. ஆட்டத்துக்குள் விளம்பரம் கிடையாது, பதிவு செய்யவும் வேண்டாம். எளிது, கடினம் என்று இரண்டே நிலை. எளிது என்றால் கட்டிலிருந்து ஒரு சீட்டாகத் திறக்கும், கடினம் என்றால் மூன்று மூன்றாக. தவறாகப் போட்டால் பின்வாங்கலாம்.

தாமிரபரணி_கரை:
ராத்திரி_ஷிஃப்ட், மிக்க நன்றி. பட்டியலில் கேள்விப்படாத பெயர்கள் வரிசையாக இருந்தன, எல்லாவற்றையும் நீக்கியதும் அறிவிப்பு நின்றுவிட்டது. கூகுள் ஆட்டம் அப்பாவுக்குப் பிடித்திருக்கிறது. ஆனால் அதில் க்ளோண்டைக் மட்டும்தானே? அவர் கேட்பது ஃப்ரீசெல், அதுவும் டைரியில் உள்ள எண்கள். பழைய எண்ணைக் கொடுத்தால் பழைய ஆட்டமே வருமா, அல்லது தளத்துக்குத் தளம் மாறுமா?

பழைய_கட்டு:
இந்தக் கேள்விக்காகவே எழுத வந்தேன். உங்கள் அப்பா போல எண் வைத்து ஆடுபவர்கள் உலகம் முழுவதும் இருந்தார்கள், இன்னமும் இருக்கிறார்கள்.

விண்டோஸ் 95 காலத்து ஃப்ரீசெல்லில் 1 முதல் 32,000 வரை எண்கள். அந்த எண்ணை ஒரு விதை என்று வைத்துக்கொள்ளுங்கள். அதிலிருந்து ஒரு கணக்கு சீட்டுகளைக் கலைத்து எட்டு வரிசைகளாகப் போடும். அந்தக் கணக்கு வெளியே எல்லோருக்கும் தெரிந்ததுதான், சின்னப் பெருக்கலும் கூட்டலும். அதனால் மனம் வைத்த எந்தத் தளமும் அதே எண்ணுக்கு அதே சீட்டுகளைத் தர முடியும். சில தளங்கள் தருகின்றன. சில தளங்கள் எண் பெட்டியை மட்டும் வைத்துக்கொண்டு தங்கள் சொந்தக் கலைப்பைத் தருகின்றன. பார்த்த மாத்திரத்தில் வித்தியாசம் தெரியாது.

கண்டுபிடிக்க வழி இருக்கிறது. எண் 1 கொடுங்கள். எட்டு வரிசைகளின் உச்சியில் இருக்கும் முதல் சீட்டுகளாக, இடமிருந்து வலமாக டைமண்ட் ஜாக், டைமண்ட் 2, ஹார்ட் 9, கிளாவர் ஜாக், டைமண்ட் 5, ஹார்ட் 7, கிளாவர் 7, ஹார்ட் 5 வர வேண்டும். வந்தால் அது விண்டோஸ் வரிசை, டைரி அப்படியே உயிர்பெறும். வராவிட்டால் அடுத்த தளத்துக்குப் போங்கள். தளத்தின் அழகையோ ஆட்டங்களின் எண்ணிக்கையையோ பார்த்து நேரத்தை வீணாக்க வேண்டாம். ஐந்நூறு ஆட்டம் இருக்கிறது என்று சொல்லும் தளத்திலும் உங்கள் அப்பா ஆடப்போவது ஒன்றோ இரண்டோ.

மடிக்கணினி இருக்கிறது என்றீர்களே, அதுதான் என் முதல் தேர்வு. லினக்ஸில் பைசோல் எஃப்சி என்ற இலவச மென்பொருள் கிடைக்கும். ஆயிரத்துக்கு மேல் சாலிட்டர் வகைகள், விளம்பரமே கிடையாது, இணையமும் வேண்டாம். கேபேஷன்ஸ் என்று இன்னொன்று. அதில் ஒரு நல்ல வசதி: இந்த நிலையிலிருந்து இன்னும் ஜெயிக்க முடியுமா, முடியாதா என்று கணினியே கணக்குப் போட்டுக் கீழே காட்டும். இரண்டிலும் எண் கொடுத்து ஆடலாம். எண் 1 சோதனையை அங்கேயும் செய்துவிடுங்கள்.

அப்புறம், டைரியில் 11982 இருக்கிறதா என்று பாருங்கள். 1994-95இல் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் இணையம் வழியாகச் சேர்ந்து 32,000 ஆட்டங்களையும் பங்கு பிரித்து ஆடினார்கள். ஒன்று மட்டும் யாருக்கும் மசியவில்லை. அதுதான் 11982. அதற்குத் தீர்வே இல்லை என்று பிறகு கணினி நிரல்கள் உறுதி செய்தன. பின்னால் வந்த விண்டோஸ் பதிப்புகள் எண்களைப் பத்து லட்சம் வரை நீட்டின. அத்தனையிலும் தீர்வில்லாதவை எட்டே எட்டு.

தாமிரபரணி_கரை:
இருக்கிறது! 11982க்குப் பக்கத்தில் கேள்விக்குறி, அதன் கீழே வேறு வேறு மையில் தேதிகள். நீங்கள் எழுதியதை வாசித்துக் காட்டினேன். "இத்தனை வருஷம் என் மேல் தப்பு என்று நினைத்தேன்" என்றார். ரொம்ப நேரம் சிரித்துக்கொண்டே இருந்தார். உங்களுக்கு அவர் நன்றி சொல்லச் சொன்னார்.

அப்படியானால் க்ளோண்டைக்கும் அதே கதையா?

பழைய_கட்டு:
அப்பாவுக்கு என் வணக்கம். அந்த எண்ணோடு மறுபடி மறுபடி மல்லுக்கட்டியிருக்கிறார் என்றால் அவர் உண்மையான ஆட்டக்காரர்.

க்ளோண்டைக் வேறு மாதிரி. ஃப்ரீசெல்லில் 52 சீட்டும் ஆரம்பத்திலேயே முகம் காட்டிவிடும், யோசித்தால் ஏறக்குறைய எல்லா ஆட்டமும் முடியும். க்ளோண்டைக்கில் ஏழு வரிசையில் 28 சீட்டு, அதில் மேலே தெரிவது ஏழு மட்டும். மிச்சம் 24 கட்டில். மறைந்த சீட்டு எல்லாம் தெரிந்தே ஆடினாலும், மூன்று மூன்றாகத் திறக்கும் முறையில் முடிக்கக்கூடியவை சுமார் 82 விழுக்காடுதான் என்று ஆய்வாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். சீட்டு தெரியாமல் ஆடும் நமக்கு அதைவிட எவ்வளவோ குறையும். ஆகவே அடிக்கடி தோற்பதை மட்டும் வைத்துத் தளம் ஏமாற்றுகிறது என்று சொல்ல முடியாது. ஒரு சீட்டாகத் திறக்கும் முறைக்கு மாற்றுங்கள், வெற்றி கூடும். சில தளங்களிலும் ஆப்களிலும் தீர்க்கக்கூடிய ஆட்டங்களை மட்டும் தரும் தேர்வு இருக்கிறது. மைக்ரோசாஃப்ட் சாலிட்டர் ஆப்பில் சிரம நிலையைத் தேர்ந்தெடுத்து ஆடினால் தீர்வுள்ள ஆட்டங்கள் வரும். ராண்டம் என்று போட்டால் அந்த உத்தரவாதம் இல்லை. ஆனால் இலவசமாக ஆடினால் அதிலும் விளம்பரம் வரும்.

நான் பார்க்கும் இன்னொரு விஷயம், அதே ஆட்டத்தை முதலிலிருந்து ஆடும் பொத்தான். தோற்ற ஆட்டத்தை அதே சீட்டுகளோடு திரும்ப ஆடினால்தான் எங்கே தவறியது என்று புரியும். அந்தப் பொத்தான் இல்லாத தளத்தை நான் தொடமாட்டேன்.

கொழும்பு_மழை:
என் அம்மாவும் டேப்லெட்டில்தான் விளையாடுறவ. அவவின் அனுபவத்தில் சொல்றன். சீட்டின் அளவை முதலில் பாருங்கோ. டேப்லெட்டைப் படுக்கை வசமாகப் பிடித்தால் வரிசைகளுக்கிடையே இடம் வரும். ஃப்ரீசெல்லுக்கு எட்டு வரிசை என்பதால் நிமிர்த்திப் பிடித்தால் சீட்டு மெலிந்துவிடும். பெரிய எழுத்துச் சீட்டுக்கட்டு என்று சில இடங்களில் தனியாகத் தெரிவு இருக்கு, அதைப் போடுங்கோ. நான்கு வகைக்கும் நான்கு நிறம் கொடுக்கும் தெரிவும் இருக்கு. அம்மாவுக்கு ஸ்பேடும் கிளாவரும் ஒன்றுபோலத் தெரிந்துகொண்டிருந்தது, கிளாவர் பச்சையானதும் சரியாகிவிட்டது.

இழுக்காமல் தொட்டால் போதும் என்ற முறையும் கட்டாயம் வேணும். தொட்டதும் சீட்டு தானே போகக்கூடிய இடத்துக்குப் போய்விடும். விரல் வழுக்கி விளம்பரத்தில் படுற பிரச்சினை பெரும்பாலும் அதோடு தீரும்.

ராத்திரி_ஷிஃப்ட்:
விளம்பரத்துக்கு: ஆண்ட்ராய்டில் ஃபயர்ஃபாக்ஸ் உலாவியை நிறுவி, அதில் யுபிளாக் ஆரிஜின் என்ற விளம்பரத் தடுப்பு நீட்சியைச் சேருங்கள். டேப்லெட் குரோமில் நீட்சிகளுக்கு இடமில்லை, அதனால்தான் ஃபயர்ஃபாக்ஸ். ஆனால் நல்லபடியாக நடத்தப்படும் சின்னத் தளங்கள் ஓரத்தில் வரும் ஒரு விளம்பரத்தில்தான் பிழைக்கின்றன. ஆட்டத்துக்கு இடைஞ்சல் தராத தளத்துக்குத் தடுப்பை விலக்கி வைத்தால் அவர்களுக்கு உதவியாக இருக்கும். கார்ட்கேம்ஸ் டாட் ஐஓ, வேர்ல்டு ஆஃப் சாலிட்டர் இரண்டும் நெடுங்காலமாக இருப்பவை, பதிவு செய்யாமலே ஆடலாம். இவற்றிலிருந்து தேடலைத் தொடங்குங்கள்.

தளத்தில் ஆடிய ஆட்டங்களின் கணக்கு, வெற்றி விழுக்காடு எல்லாம் பொதுவாக உலாவியின் நினைவில்தான் இருக்கும். யாராவது "டேப்லெட் மெதுவாக இருக்கிறது" என்று குக்கீஸ் அழித்தால் எல்லாம் போய்விடும். வீட்டில் மற்றவர்களிடமும் சொல்லி வையுங்கள். மறைநிலைப் பக்கத்தில் ஆடினாலும் எதுவும் சேமிக்கப்படாது.

மாட்டுத்தாவணி:
ஒன்று மட்டும் சேர்க்கிறேன். சாலிட்டர் ஆடிப் பணம் ஜெயிக்கலாம் என்று வரும் விளம்பரங்களை அப்பாவுக்கு முன்கூட்டியே காட்டி, தொடவேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். 2025 ஆகஸ்டில் இந்திய நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் பணம் கட்டி ஆடும் இணைய ஆட்டங்களை, திறமையோ அதிர்ஷ்டமோ எதுவானாலும், தடை செய்கிறது. அதையும் மீறி இயங்கும் ஒன்று உங்கள் வங்கி விவரத்தைக் கேட்டால் அதை எப்படி நம்புவது? சாலிட்டர் ஆட யுபிஐ எண்ணோ ஓடிபியோ ஆதாரோ எதுவும் தேவையில்லை. கேட்டால் உடனே மூடிவிடுங்கள்.

தாமிரபரணி_கரை:
இப்போதைய நிலை. மடிக்கணினியில் பைசோல் எஃப்சி போட்டாயிற்று. எண் 1 கொடுத்ததும் டைமண்ட் ஜாக், டைமண்ட் 2 என்று நீங்கள் சொன்ன வரிசை அப்படியே வந்தது. அப்பா டைரியை எடுத்து முடிக்காத எண்களிலிருந்து ஆரம்பித்துவிட்டார். டேப்லெட்டில் ஃபயர்ஃபாக்ஸ், படுக்கை வசம், தொட்டால் நகரும் முறை. அதில் கூகுள் க்ளோண்டைக்கை எளிது நிலையில் வைத்துக் கொடுத்திருக்கிறேன், முகப்புத் திரையிலேயே ஐகான் இருக்கிறது. மின்சாரம் போனாலும் மடிக்கணினியில் பேட்டரி இருக்கும்வரை ஆடலாம் என்பது அவருக்கு இன்னும் சந்தோஷம்.

ஒரு சின்னச் சந்தேகம் பாக்கி. ஸ்பைடர் என்ற சாலிட்டர் வகையை ஆடிப் பார்க்கலாமா என்று கேட்கிறார். எதிலிருந்து தொடங்குவது?

பழைய_கட்டு:
எல்லாம் ஸ்பேடாக வருவது போல, ஒரே வகைச் சீட்டில் தொடங்கச் சொல்லுங்கள். இரண்டு கட்டு, 104 சீட்டு, பத்து வரிசை. முதலில் 54 சீட்டு விழும், மீதி 50 சீட்டு பத்துப் பத்தாக ஐந்து முறை வரும். புதிதாகப் பத்து போடுவதற்கு முன் எந்த வரிசையும் காலியாக இருக்கக்கூடாது என்பது பெரும்பாலான இடங்களில் விதி. ஒரு வகையில் கை பழகியதும் இரண்டு வகைக்குப் போகலாம். நான்கு வகை ரொம்பக் கடினம், அவசரப்பட வேண்டாம். பைசோலிலேயே ஸ்பைடர் இருக்கிறது, வேறு தளம் தேட வேண்டியதில்லை.