வள்ளி திருமணத்தை விடிய விடியப் பதிவுசெய்து இணையத்தில் ஏற்றலாமா?

கொட்டகைவாசி:
மதுரை, புதுக்கோட்டை வட்டாரத் திருவிழாக்களில், நடிகர்களைத் தனித்தனியே அமர்த்தி விடிய விடிய நடத்தும் ஸ்பெஷல் நாடகங்களை முழு இரவும் படம்பிடித்து, எல்லோரும் பார்க்கும்படி இணையத்தில் வைக்க வேண்டும் என்கிறேன். வள்ளி திருமணம் போன்ற நாடகங்களை எழுதிய சங்கரதாஸ் சுவாமிகள் 1922இல் மறைந்தார். அவர் காலத்து மேடையைப் பார்க்க நமக்கு வழியே இல்லை. மேடையில் பாடி நடித்த கிட்டப்பா 1933இல் 27 வயதில் போய்விட்டார். குரல் இசைத்தட்டில் தப்பியது, அதுவும் பக்கத்துக்கு மூன்று நிமிடச் சொச்சம். மேடையில் ஒரு பாட்டை அவர் எப்படி விரித்தார் என்பது கேட்டவர்களோடு போயிற்று.

பின்பாட்டு:
இந்த நாடகத்துக்கு ஒத்திகையே கிடையாது ஐயா. கதாநாயகனான ராஜபார்ட் ஓர் ஊர், கதாநாயகியான ஸ்திரீபார்ட் வேறு ஊர்; ஏஜெண்டு தேதி கொடுத்தபடி வந்து அன்றிரவு மேடையில்தான் சேருகிறார்கள். நாரதருக்கும் வள்ளிக்கும் நடக்கும் தர்க்கம் ஆளுக்கு ஆள், ஊருக்கு ஊர் மாறும். ஓர் இரவைப் பிடித்து வைத்தால் புதிதாக வருகிறவர்கள் அதையே நெட்டுரு போடுவார்கள். விழாக் கமிட்டியோ, போனில் பார்த்தாயிற்று என்று சம்பளத்தைக் குறைக்கும்.

கொட்டகைவாசி:
போனில் இப்போதே பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார்கள். பபூன் என்கிற கோமாளியின் துண்டுகள், டான்ஸ் துண்டுகள் கொட்டிக் கிடக்கின்றன. தர்க்கத்தை எவரும் ஏற்றுவதில்லை. நாளைக்கு ஆராய்கிறவர் ஸ்பெஷல் நாடகம் என்றால் இரட்டை அர்த்தப் பேச்சு என்றே எழுதுவார். உங்களுக்குச் சம்மதமா?

நோட்டீஸ்பித்தன்:
கேமராவை விட்டால் வேறு கதி இல்லையா? கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் சேர்த்தவற்றைக் கொண்டு 1994இல் தொடங்கிய சென்னை நூலகத்தில் நாடக நோட்டீசுகளும் உண்டு. ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். எந்த ஊர், என்ன திருவிழா, யார் பெயருக்கு என்ன அடைமொழி, யார் படம் பெரிது, எந்த அச்சகம்! ஆண்டுவாரியாக அடுக்கினால் யார் யாரோடு சோடி சேர்ந்தார், யார் எப்போது மார்க்கெட் இழந்தார் எல்லாம் தெரியும். யார் பிழைப்பும் கெடாது. அப்படியே ஆர்மோனியக்காரர்களிடமும் உட்கார்ந்து கேளுங்கள். எந்த ஸ்திரீபார்ட்டுக்குச் சுருதி எத்தனை கட்டை என்பதை அவர்களைவிட அறிந்தவர் யார்?

கொட்டகைவாசி:
நோட்டீசு ஆடிக்காட்டாது. டான்ஸ்காரர் முதல் அடி எடுத்து வைத்ததும் மிருதங்கக்காரர் எப்படித் தொடர்ந்தார் என்பதை எந்தக் காகிதத்தில் தேடுவது?

பின்பாட்டு:
சரி, படம் பிடியுங்கள். ஒரே நாடகத்தை நாலைந்து ஊரில், வேறு வேறு சோடிகளை வைத்துப் பிடியுங்கள். ஆனால் இணையத்தில் ஏற்றாதீர்கள். நியூயார்க் பொது நூலகம் 1970 முதல் பிராட்வே நாடகங்களைப் பதிவுசெய்கிறது. நேரில் போய்த்தான் பார்க்க வேண்டும், நகல் கிடையாது. கலைஞர் சங்கங்கள் ஒப்புக்கொண்டது இதனால்தான்.

கொட்டகைவாசி:
அப்படிச் சென்னை நூலகத்தில் வைத்தால் சிவகங்கைப் பக்கத்தில் பாட்டுப் பழகும் பையன் சென்னைக்கு டிக்கெட் எடுக்க வேண்டும்!

நோட்டீஸ்பித்தன்:
வேண்டாம். மதுரையிலும் புதுக்கோட்டையிலும் உள்ள நடிகர் சங்கங்களில் ஆளுக்கு ஒரு நகல் வைக்கலாம். இணையத்தில் எப்போது விடுவது என்பதைக் கலைஞர்களே எழுதிக் கொடுக்கட்டும்.

பின்பாட்டு:
எழுதிக் கொடுப்பார்கள். பதிவுக்கு என்ன தருவீர்கள் என்றும் கேட்பார்கள். ஒரு ராத்திரிச் சம்பளத்துக்குக் குறைந்தால் நானே வேண்டாம் என்று சொல்லிவிடுவேன்.